சங்கத்தில் சித்தப்பாவின் இடம்

அந்தச் சலூனுக்கு வருகிறவர்களில் முக்கால்வாசிப் பேர் முடிவெட்டுகிறவரைச் சித்தப்பா என்றுதான் கூப்பிடுவார்கள். அவரைவிடப் பத்து வயது மூத்தவர்கள்கூட, "என்ன சித்தப்பா, கூட்டமா?" என்று கேட்டுக்கொண்டுதான் உள்ளே நுழைவார்கள். அந்தப் பெயரை வைத்தது அவருடைய அண்ணன் மகள். வைத்தபோது அவளுக்கு வயது ஆறு. அதற்கு முந்தின நாள்வரை அவள் அவரைக் கூப்பிட்டது "அத்தை" என்று.

ஒரு அத்தை சித்தப்பா ஆவதற்கு எவ்வளவு நாள் பிடிக்கும்? இவருக்கு முப்பத்தோரு வருஷம் பிடித்தது.

பத்தொன்பது வயதில் அவர் ஒரு லேடீஸ் பார்லரில் வேலைக்குச் சேர்ந்தார். அப்போது வீட்டுக்கும் வெளியுலகத்துக்கும் அவர் பெண். நடுக்கமில்லாத கை, சீப்பைப் பிடித்தால் கத்திரி தானாகப் பின்னால் ஓடும். பார்லர்க்காரம்மா ஒரு சட்டம் வைத்திருந்தார்: வாடிக்கையாளர் எவ்வளவு கெஞ்சினாலும் முடி காதுக்கு மேலே ஏறக் கூடாது. "வெட்டிக்கிட்டு அவ பாட்டுக்குப் போயிடுவா. அப்புறம் அவ புருஷன் வந்து என் கண்ணாடியை உடைப்பான்," என்பார். ஆனால் அந்தம்மா மதியம் சாப்பிட்டுவிட்டுக் கண்ணயரும் ஒரு மணி நேரம் மட்டும் சட்டம் செல்லாது. அந்த நேரம் பார்த்து வருகிறவர்கள் சிலர் இருந்தார்கள்.

வேலைக்குச் சேர்ந்த மூன்றாம் வருஷம் அப்படி வந்தவர்கள்தான் டீச்சரும் நர்ஸும். ஒருவர் பள்ளிக்கூடத்தில் கணக்கு எடுப்பவர். மற்றவர் பெரியாஸ்பத்திரியில் வேலை பார்ப்பவர். "பின்னங்கழுத்து தெரியணும். மத்தபடி உன் இஷ்டம்," என்று சொல்லிவிட்டு டீச்சர் நாற்காலியில் சாய்ந்தார். நர்ஸ் பின்னாலிருந்த பெஞ்சில் உட்கார்ந்து, வெட்டி முடிக்கும்வரை டீச்சரின் கழுத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். கண்ணாடியில் அந்தப் பார்வையைப் பார்த்த நம்மவருக்குக் கத்திரி அப்படியே நின்றுவிட்டது. இப்படியும் ஆட்கள் இருக்கிறார்களா, இருந்துகொண்டு காலையில் பஸ் ஏறி வேலைக்கும் போய் வருகிறார்களா என்று.

நாலாவது தடவை வந்தபோது டீச்சரே கேட்டார். "ஞாயித்துக்கிழமை சாயங்காலம் சும்மாதானே இருப்பே? எங்ககூட ஒரு இடத்துக்கு வா."

அந்த இடம் ஒரு அச்சகத்தின் பின்கட்டு. மை வாசனை. காகிதக் கட்டுகள்தான் இருக்கை. ஆண்களை விரும்பும் ஆண்கள் ஆறு பேர், பெண்களை விரும்பும் பெண்கள் டீச்சரும் நர்ஸுமாக இரண்டு பேர். இவர் போய்ச் சேர்ந்ததும் ஒன்பது. பெரிதாக எதுவும் பேச மாட்டார்கள். வீட்டுக்காரர் சந்தேகப்பட ஆரம்பித்திருக்கிறார், வேறு வீடு பார்க்க வேண்டும்; அம்மா மறுபடியும் ஒரு வரனைக் கொண்டுவந்திருக்கிறார், என்ன சொல்லித் தப்பிப்பது; இவ்வளவுதான். ஆனால் வாரத்தில் அந்த இரண்டு மணி நேரம் பொய் சொல்ல வேண்டியதில்லை என்பதே எல்லோருக்கும் ஒரு ஓய்வு. அதைத்தான் பின்னாளில் சங்கம் என்று பெயர் வைத்துக் கூப்பிட்டார்கள்.

கொஞ்ச நாளில் டிரைவர் அக்கா வந்து சேர்ந்தார். திருநங்கை, சொந்தமாக டாக்ஸி ஓட்டுகிறவர். அவர் வந்த மூன்றாம் மாசம் ஒரு நாள், பக்கத்துக் கட்டடத்துக்காரர் நாலு பேரைக் கூட்டிக்கொண்டு அச்சக வாசலில் வந்து சத்தம் போட்டார். உள்ளே இருந்தவர்களில் ஒருவர் பேங்கில் வேலை, ஒருவர் காலேஜில், டீச்சர் பள்ளிக்கூடத்தில். முகம் தெரிந்தால் திங்கட்கிழமை வேலை இருக்காது.

"நீங்க எல்லாரும் பின்வாசல் வழியா போங்க," என்றார் டிரைவர் அக்கா. "எனக்கு ஒளிக்கிறதுக்கு என்ன இருக்கு? என்னைப் பார்த்தாலே தெரியுது."

அரைமணி நேரம் வாசலில் நின்று, முதலில் நயமாகவும் பிறகு அதே சத்தத்திலும் பேசி, வந்தவர்களைத் திருப்பி அனுப்பினார். சட்டைக் காலர் கிழிந்திருந்தது. அன்றிலிருந்து யார் கதவைத் தட்டினாலும் எழுந்து போவது அவர்தான் என்று ஆகிவிட்டது. யாரும் அப்படி முடிவு செய்யவில்லை. யாரும் மாற்றவும் இல்லை.

நம்மவர் எட்டு வருஷம் அங்கே பெண்ணை விரும்பும் பெண்ணாக இருந்தார். பொருந்தித்தான் இருந்தது, ஆனால் அளவு கொஞ்சம் தவறிப்போன சட்டை மாதிரி எங்கேயோ பிடித்துக்கொண்டே இருந்தது. டிரைவர் அக்கா தன் கதையைச் சொல்லும்போதெல்லாம் மற்றவர்கள் பரிதாபப்பட்டுக் கேட்பார்கள். இவர் தனக்கு நடந்ததைப் போலக் கேட்பார். ஒருநாள் அக்கா டாக்ஸியில் இவரை வீட்டில் இறக்கிவிடும்போது கண்ணாடியில் பார்த்துக்கொண்டே கேட்டார். "நீ எங்க கட்சியா, அவங்க கட்சியா? ரொம்ப நாளா கேக்கணும்னு இருக்கேன்."

இவர் இறங்காமல் அப்படியே உட்கார்ந்திருந்தார். அக்கா மீட்டரை நிறுத்திவிட்டுக் காத்திருந்தார். "உங்க கட்சின்னுதான் நெனைக்கிறேன்," என்று இவர் சொன்னபோது தெருவில் விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைகள் வீட்டுக்குப் போயிருந்தார்கள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அச்சகத்தில் சொன்னார். தான் ஆண் என்று, டாக்டரைப் பார்த்தாகிவிட்டது என்று, ஆண் ஹார்மோன் ஊசி போட்டுக்கொள்ளப் போவதாக. ஆண்கள் கைகுலுக்கினார்கள், ஒருவர் தோளில் தட்டினார். டீச்சர்தான் எழுந்து நின்றார்.

"இருக்கிறதே மூணு பொம்பளைங்க. அதுலேயும் ஒண்ணைக் குறைச்சுட்டியா?"

"டீச்சர், நான் எங்கேயும் போகலே."

"பொம்பளையா இருந்துக்கிட்டே, முடியைக் கிராப் வெட்டிக்கிட்டு, எனக்குப் பிடிச்ச பொம்பளைகூட வாழலாம்னு காட்டறதுக்குத்தான் நான் இத்தனை வருஷம் பேச்சு வாங்கறேன். நீ ஆம்பளையா மாறிட்டா எல்லாம் சுலபமாயிடும் இல்லே?"

சுலபம் என்ற சொல்லைக் கேட்டு இவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அது டீச்சருக்கு இன்னும் கோபத்தைக் கிளப்பியது. நர்ஸ் கையைப் பிடித்து இழுத்தும் நிற்காமல் வெளியே போய்விட்டார்.

அதற்குப் பிறகு சங்கத்தில் எங்கே உட்காருவது என்பதே இவருக்குப் பெரிய பாடாகிவிட்டது. பெண்கள் பக்கம் உட்கார்ந்தால் டீச்சர் முகத்தைத் திருப்பிக்கொள்வார். ஆண்கள் பக்கம் உட்கார்ந்தால், அவர்கள் நல்லவர்கள்தான், ஆனால் அவர்கள் அடிக்கிற ஜோக்கில் பாதி இவருக்குப் புரியாது. இவர் சிரிக்காததைப் பார்த்து அவர்களும் நிறுத்திவிடுவார்கள். கடைசியில் வாசலோரம் டிரைவர் அக்காவுக்குப் பக்கத்தில் ஒரு ஸ்டூலைப் போட்டுக்கொண்டார். பின்னாளில் இதை அவரே சிரித்துக்கொண்டு சொல்வார். லெஸ்பியனுக்கு எல், டிரான்ஸுக்கு டி என்று சங்கத்தின் பெயரில் அந்த எல், ஜி, பி, டி என்ற எழுத்துகள் சேர்ந்தபோது, "நான் எல்-லுல ஏறி டி-யில இறங்கினவன். நடுவுல ரெண்டே ஸ்டாப்பிங். அதைக் கடக்கத்தான் எட்டு வருஷமாச்சு," என்பார்.

வீட்டுக் கதை தனி. அப்பா அம்மா அதற்கு முன்பே போய்ச் சேர்ந்துவிட்டார்கள். இருந்தது அண்ணன், அண்ணி, அவர்கள் மகள். அண்ணன் சண்டை போடவில்லை, போட்டிருந்தால்கூடத் தேவலை. அவர் செய்தது வேறு. "வாடி" என்று சொல்ல முடியவில்லை, "வாடா" என்று சொல்ல மனசு வரவில்லை. ஆகவே தம்பியிடம் பேசும்போது ஆளே இல்லாத மாதிரி பேச ஆரம்பித்தார். "வந்தாச்சா? சாப்பிட்டாச்சா? ஊசி போட்டாச்சா? கிளம்பியாச்சா?" நாலு வருஷம் இந்த ஆச்சு, ஆச்சுதான். தமிழில் இப்படி ஒரு சந்து இருப்பது நல்லதா கெட்டதா என்று நம்மவருக்கு இன்றுவரை தெரியாது.

அண்ணன் மகளுக்கு அந்த வம்பே இல்லை. ஒரு விடுமுறை நாளில் இவர் வீட்டுக்குள் நுழைந்தபோது குரல் உடைந்து கரகரவென்றிருந்தது. அவள் படம் வரைந்துகொண்டிருந்தவள் நிமிர்ந்து பார்த்து யோசித்தாள். "அப்பாவுக்குத் தங்கச்சின்னா அத்தை. அப்பாவுக்குத் தம்பின்னா சித்தப்பா. நீ இப்ப தம்பிதானே?"

"ஆமா."

"அப்ப சித்தப்பா," என்று சொல்லிவிட்டுக் குனிந்து மறுபடி வரைய ஆரம்பித்துவிட்டாள். கூட்டல் கணக்குப் போட்டு முடித்த மாதிரி. அடுப்படியில் அண்ணி பாத்திரத்தைக் கீழே போட்ட சத்தம் மட்டும் கேட்டது.

பார்லரில் இனி இருக்க முடியாது. ஆண்கள் சலூன் வைக்க வேண்டுமென்றால் முகச்சவரம் தெரிய வேண்டும். பார்லரில் அது எங்கே கற்பது? ஒரு பாக்கெட் பலூன் வாங்கி வந்தார். பலூனை ஊதி, சோப்பு நுரை தடவி, கத்தியால் நுரையை வழித்தெடுப்பார். வெடித்தால் வாடிக்கையாளர் காலி என்று அர்த்தம். முதல் வாரத்தில் பதினெட்டுப் பேரைக் கொன்றதாகச் சொல்வார். பலூன் வெடிப்பது நின்ற மாசத்தில்தான் அவருடைய தாடையிலும் பூனைமுடி கறுத்து நின்றது. தன் முகத்திலேயே முதல் கத்தி வைத்தார். கண்ணாடிக்கு முன்னால் மூன்று தடவை வழித்தும் நிறுத்த மனசு வராமல் நாலாவது தடவையும் வழித்ததில், இரண்டு நாள் கன்னம் எரிந்தது.

ஆற்றுக்கு அந்தப் பக்கம், யாருக்கும் அவரைத் தெரியாத தெருவில், இரண்டு நாற்காலி போட்டுச் சலூனைத் திறந்தார். திறந்த முதல் மாசம் அண்ணன் வந்தார். சொல்லாமல் கொள்ளாமல் வந்து, வரிசையில் உட்கார்ந்து, பழைய வாரப் பத்திரிகையைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டிருந்தார். முறை வந்ததும் நாற்காலியில் ஏறி, "சவரம்," என்றார். நம்மவர் நுரை தடவினார், கத்தியை விரித்தார். கன்னத்திலிருந்து காதோரத்துக்குக் கத்தி போனபோது அண்ணன் பதறிக் கண்ணைத் திறந்தார்.

"டேய், டேய்! பார்த்துடா!"

கடையில் வேறு மூன்று பேர் இருந்தார்கள். அவர்களுக்கு இதில் ஒன்றும் இல்லை. நம்மவர் தண்ணீர் மாற்றப் போவதாகச் சொல்லிக் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். திரும்பி வரச் சற்று நேரமாயிற்று. அண்ணன் நுரை காய்ந்த கன்னத்தோடு கண்ணை இறுக்க மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அதற்குப் பிறகு அந்த ஆச்சு, ஆச்சு அவர் வாயில் வரவே இல்லை.

டீச்சர் வந்தது அதற்கு இரண்டு மாசம் கழித்து. கதவைத் தள்ளிக்கொண்டு நுழைந்து, கைப்பையை மேஜையில் வைத்தார். பின்னாலேயே நர்ஸ்.

"நாலு வருஷமா என் தலையை எவளெவளோ கொதறி வச்சிருக்காங்க. பார்," என்று திரும்பி நின்று காட்டினார். உண்மையிலேயே அது பார்க்கச் சகிக்காமல்தான் இருந்தது.

ஆண்கள் சலூனில் பெண் உட்காருவதைப் பார்த்துப் பக்கத்து நாற்காலிக்காரர் வாயைப் பிளந்தார். டீச்சர் செய்தித்தாளைப் பிரித்து அவர் முகத்துக்கு நேரே விரித்துக்கொண்டார். வெட்டி முடிக்கும்வரை ஒரு வார்த்தை பேசவில்லை. துண்டை உதறியதும் பின்னங்கழுத்தைத் தடவிப் பார்த்துவிட்டு, "ம்," என்றார். அவ்வளவுதான். வாசலில் நர்ஸ் மட்டும் பின்தங்கி, தாழ்ந்த குரலில் சொன்னார். "மன்னிப்பு கேக்கத்தான் வந்தா. வாய் வராது அவளுக்கு. நான் கேட்டதா வச்சுக்கோ." பிறகு சிரித்துக்கொண்டே, "அவ கோபமெல்லாம் உன்மேல இல்லே. உன்னை எழந்துட்டோமேன்னுதான்," என்றார்.

மூன்றாவது தடவையிலிருந்து அந்தக் கடையில் டீச்சரை யாரும் வேடிக்கை பார்க்கவில்லை. மெல்ல மெல்லக் கிராப் வெட்டிக்கொள்ள விரும்பும் பெண்கள், முடி வளர்க்கும் ஆண்கள், இரண்டுக்கும் நடுவில் எப்படி வெட்டுவதென்று தெரியாமல் தவிக்கும் பிள்ளைகள் எல்லோரும் ஆற்றைக் கடந்து வர ஆரம்பித்தார்கள். அச்சகம் மூடப்பட்டபோது, சலூனுக்கு விடுமுறையான செவ்வாய்க்கிழமைகளில் சங்கம் அங்கேயே கூடியது. பேசுகிறவர் சுழல் நாற்காலியில் உட்காருவார். அதிகம் பேசினால் யாராவது சுவரைப் பார்க்கத் திருப்பிவிடுவார்கள்.

இனித் தபால்காரம்மா. அந்தத் தெருவுக்குத் தபால் கொண்டுவருகிறவர், சைக்கிளில். சலூன் முகவரிக்கு இரண்டு பெயர்களில் கடிதம் வரும். ஒன்று இவர் இப்போது வைத்துக்கொண்ட பெயர். மற்றது அரசாங்கமும் பேங்கும் விடாமல் எழுதிக்கொண்டிருந்த பழைய பெண் பெயர்.

"இந்தப் பேர்ல யாருங்க?" என்று முதல் நாள் கேட்டார்.

"எங்க அக்கா," என்றார் நம்மவர்.

ஆறு மாசம் அக்காவுக்குக் கடிதம் வந்தது. அக்காவைத்தான் காணோம். ஒருநாள் பதிவுத் தபால் வந்தது. "இது அவங்க கையாலேயே கையெழுத்துப் போட்டு வாங்கணுங்க. கூப்பிடுங்க," என்றார் தபால்காரம்மா. நம்மவர் பேனாவை வாங்கி, நோட்டைத் தன் பக்கம் திருப்பி, அந்தப் பழைய பெயரைத் தடுமாறாமல் எழுதிக் கொடுத்தார். தபால்காரம்மா கையெழுத்தைப் பார்த்தார். ஆளைப் பார்த்தார். நோட்டை மூடிப் பையில் வைத்துக்கொண்டு, "வெயில் ஜாஸ்தி. கொஞ்சம் தண்ணி கிடைக்குமா?" என்று கேட்டார்.

மறுநாளிலிருந்து எந்தப் பெயருக்கு வந்தாலும் "உங்களுக்குத் தபால்," என்று மட்டும் சொல்லிக் கொடுத்தார். ஒரு வருஷத்தில் இருவரும் ஒரே வீட்டில் குடியிருந்தார்கள். சங்கத்தில் அவருக்குச் "சித்தி" என்று பெயர் வந்தது தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

பதினெட்டு வருஷம் போயிற்று. சங்கம் பதிவாகி, துணிக்கடை மாடியில் சொந்தமாக ஒரு அறை எடுத்தது. நூறு பேருக்கு மேல் ஆகிவிட்டார்கள். செயலாளராக ஒரு இளம் வக்கீல் வந்தார்; ஆணை விரும்பும் ஆண், படித்தவர், சுறுசுறுப்பு, ஒரு வார்த்தை தப்பாகப் பேசாத பிள்ளை. அவர்தான் வழக்குப் போடலாம் என்று கிளப்பினார். சேர்ந்து வாழும் இரண்டு ஆண்களோ இரண்டு பெண்களோ கல்யாணத்தைப் பதிவு செய்துகொள்ள அனுமதி கேட்டு ஒரு மனு. எல்லோரும் கைதட்டினார்கள்.

"அப்படியே எங்க பேப்பரையும் சேர்த்துக்கோங்க தம்பி," என்றார் டிரைவர் அக்கா. "பேரும் ஆணா பொண்ணாங்கறதும் மாத்தித் தரச் சொல்லி. இருபது வருஷமா நடக்கறேன். லைசென்ஸைக் காட்டினா போலீஸ்காரர் என்னைப் பார்க்கறார், போட்டோவைப் பார்க்கறார், வண்டியை ஓரங்கட்டச் சொல்றார்."

வக்கீல் தயங்கினார். "அக்கா, எல்லாத்தையும் ஒரே நேரத்துல கேட்டா ஒண்ணுமே கிடைக்காது. ரெண்டு பேர் ஒருத்தரை ஒருத்தர் விரும்பறாங்கன்னா ஜனங்களுக்குப் புரியும். உடம்பு, ஆபரேஷன், பேர் மாத்தறதுன்னு போனா கோர்ட்டே மிரளும். இது முதல்ல கிடைக்கட்டும். அடுத்தது கட்டாயம் உங்களோடது."

அக்கா தன் டாக்ஸிச் சாவியை விரலில் மாட்டிச் சுற்றிக்கொண்டிருந்தார்.

கூட்டம் முடிந்ததும் வக்கீல் சித்தப்பாவைத் தனியாக ஓரம் கட்டினார். மனுவில் முதல் பெயராக ஒரு ஜோடி வேண்டும். பல வருஷம் ஒன்றாக வாழ்ந்த, வம்பு தும்பில்லாத ஜோடி. "நீங்களும் சித்தியும்தான் பொருத்தம். பதினெட்டு வருஷம்! உங்க பேப்பர்ல இன்னும் பெண்ணுன்னுதானே இருக்கு? சட்டத்துக்கு நீங்க ரெண்டு பெண்கள். அப்படியே போட்டுடலாம்."

சித்தப்பா நேரே வீட்டுக்கு வந்தார். மறுநாள் காலை டீ குடிக்கும்போது சித்தியிடம் சொன்னார். சித்தி சீருடைக்குப் பொத்தான் போட்டுக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தார்.

"அப்ப, நான் பதினெட்டு வருஷமா ஒரு பொம்பளைகூடக் குடும்பம் நடத்தினேன்னு கோர்ட்ல எழுதிக் கொடுக்கணுமா?"

"எழுதிக் கொடுத்தா அவங்களுக்கு உபயோகமா இருக்கும். டீச்சருக்கும் நர்ஸுக்கும் நல்லது நடக்கும்."

"நடக்கட்டும். வேணாங்கல. ஆனா அந்தப் பொம்பளை யாருன்னு எனக்குத் தெரியாதே. அவங்களுக்குத் தபால் கொடுத்திருக்கேன், அவ்வளவுதான். முகங்கூடப் பார்த்ததில்லே."

சித்தப்பாவுக்குப் புரை ஏறியது. இருமிச் சிரித்து முடித்தபோது, முந்தின நாளிலிருந்து நெஞ்சில் உட்கார்ந்திருந்த பாரம் இறங்கியிருந்தது.

அடுத்த கூட்டத்தில் அவர் எழுந்து, முடியாது என்றார். பேசிப் பழக்கமில்லாத மனுஷர். கையில் சீப்பு இல்லாததால் கையை எங்கே வைப்பதென்று தெரியவில்லை. "இந்த மனு கட்டாயம் போடணும். என் கடையிலேயே உட்கார்ந்து எழுதுங்க, டீ வாங்கித் தரேன். ஆனா நான் இல்லாத ஒரு ஆளா அதுல நிக்க மாட்டேன். அப்படி நின்னு ஜெயிச்சா, அப்புறம் நான் ஆம்பளைன்னு கேட்டு வரும்போது, நீதானே அன்னிக்குப் பொம்பளைன்னு கையெழுத்துப் போட்டேன்னு என் மூஞ்சியிலேயே அடிப்பாங்க."

"சரி, நீங்க வேணாம்," என்றார் வக்கீல், சங்கடத்தோடு. "வேற ஜோடி பார்த்துக்கலாம். ஆனா பேப்பர் மாத்தற விஷயத்தை இதுல சேர்க்கறது மட்டும்..."

டிரைவர் அக்கா எழுந்துவிட்டார். "வாசல்ல யாராவது அடிக்க வந்தா நாங்க வேணும். உள்ள உட்கார்ந்து மனு எழுதறப்போ நாங்க வேணாம். சரிப்பா. நல்லா இருங்க."

அவர் வாசல் பக்கம் திரும்பினார். அப்போதுதான், பின்வரிசையில் தூங்குவதைப் போலக் கண்ணை மூடிக்கொண்டிருந்த டீச்சர் பேசினார். ஓய்வு பெற்று ஐந்து வருஷம் ஆகியும் அந்தக் குரலுக்கு வகுப்பறை அடங்கும்.

"அக்கா, உட்காருங்க. தம்பி, நாங்க முப்பத்தஞ்சு வருஷம் ஒண்ணா இருக்கோம். முதல் பேரு எங்களோடது போட்டுக்கோ." வக்கீல் முகம் மலர்ந்தது. "ஆனா ஒண்ணு. பேப்பர் மாத்தற கோரிக்கை இல்லாத மனுவுல நான் கையெழுத்துப் போட மாட்டேன். அச்சகத்துல அன்னிக்கு நான் பின்வாசல் வழியா ஓடினேன். என் வேலை பொழைச்சுது, அவங்க சட்டை கிழிஞ்சுது. இன்னொரு தடவை என்னால ஓட முடியாது. முழங்கால் வலி வேற."

யாரோ களுக்கென்று சிரித்தார்கள். நர்ஸ் முன்னே வந்து, வக்கீலின் கையிலிருந்த தாளை வாங்கிப் பேனாவோடு சேர்த்து அவரிடமே திருப்பிக் கொடுத்து, "எழுதிக்கோப்பா. ரெண்டாவது கோரிக்கை," என்றார்.

வக்கீல் பிடிவாதக்காரர் இல்லை. எழுதினார். மூன்று வாரம் இரவு பகலாகப் புத்தகங்களைப் புரட்டி, இரண்டு கோரிக்கையும் ஒன்றுக்கொன்று முட்டுக்கொடுத்து நிற்கிற மாதிரி அருமையாக எழுதினார்.

தீர்ப்பு வர ஒரு வருஷத்துக்கு மேல் ஆயிற்று. வந்தபோது மாடி அறையில் எல்லோரும் கூடியிருக்க, வக்கீல் நின்றபடியே வாசித்தார். கல்யாணப் பதிவு பற்றிய கோரிக்கை: சட்டம் இயற்றுகிறவர்கள் ஒரு குழு அமைத்து, சம்பந்தப்பட்டவர்களைக் கேட்டு முடிவெடுக்க வேண்டும். பெயரையும் ஆண் பெண் என்ற பதிவையும் மாற்றிக்கொள்ளும் கோரிக்கை: அனுமதிக்கப்பட்டது. மூன்று மாசத்துக்குள் அமல்படுத்த வேண்டும்.

எது பாரம் என்று வக்கீல் இறக்கிவைக்கப் பார்த்தாரோ அதுதான் கரை சேர்ந்தது. வக்கீல் தாளை மடித்து, மறுபடி பிரித்து, சரியாகத்தான் படித்தோமா என்று பார்த்தார். சந்தோஷப்படுவதா வேண்டாமா என்று ஒருவருக்கும் தெரியவில்லை. டிரைவர் அக்கா டீச்சரையே பார்த்துக்கொண்டிருந்தார். கண் தளும்பி நின்றது.

"என்ன எல்லாரும் எழவு வீடு மாதிரி உட்கார்ந்திருக்கீங்க?" என்றார் டீச்சர். "ரெண்டு கேட்டோம், ஒண்ணு கிடைச்சுது. ஐம்பது மார்க். பாஸ்." அதற்குப் பிறகுதான் அறையில் சத்தம் கிளம்பியது. அக்கா எழுந்து போய் டீச்சரைக் கட்டிக்கொண்டார். டீச்சருக்கு அதெல்லாம் பழக்கமில்லை. கையை என்ன செய்வதென்று தெரியாமல் அக்காவின் முதுகில் இரண்டு தட்டு தட்டினார்.

இதில் யாரும் யோசிக்காத ஒன்று நடந்தது. பேப்பர் மாறி ஆண் என்று வந்ததும், சித்தப்பாவும் சித்தியும் சட்டத்துக்கு ஒரு சாதாரண ஆணும் பெண்ணும் ஆகிவிட்டார்கள். யாருடைய அனுமதியும் வேண்டாம்; பதிவு அலுவலகத்தில் போய் வரிசையில் நிற்க வேண்டியதுதான்.

அந்தக் காலை, பதிவுக்குப் போகும் முன்னால் டீச்சருக்கு முடி வெட்டிவிட்டார் சித்தப்பா. கத்திரி வழக்கத்தைவிட மெதுவாக ஓடியது.

"என்ன, கை நடுங்குதா மாப்பிள்ளை?"

"நியாயமா நீங்க ரெண்டு பேரும்தான் முதல்ல போயிருக்கணும் டீச்சர். எனக்கு என்னவோ உங்க எடத்துல போய் நிக்கற மாதிரி இருக்கு."

டீச்சர் கண்ணாடியில் அவரைப் பார்த்தார். "என்னோட எடத்துல நீ எட்டு வருஷம் இருந்தே. அது உன் எடமில்லேன்னு நீ சொன்னப்போ எனக்குப் புரியலே. இது உன் எடம். போய் ஒழுங்கா நில்லு." பிறகு, "காதுகிட்ட இன்னும் கொஞ்சம் எடு," என்றார்.

அலுவலகத்தில் சாட்சிக் கையெழுத்து டீச்சரும் நர்ஸும். அண்ணன் இஸ்திரி போட்ட சட்டையில் வந்திருந்தார். அண்ணன் மகள் அலுவலகத்துக்கு லீவு போட்டுவிட்டு வந்து எல்லோரையும் படம் எடுத்தாள். மேஜைக்குப் பின்னாலிருந்த அதிகாரி படிவத்தைப் புரட்டினார். "எத்தனை வருஷமா பழக்கம்?"

"இருபது," என்றார் சித்தி.

அதிகாரி கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். "இருபதா? ஏன் இவ்வளவு லேட்டு?"

"தபால் லேட்டுங்க," என்றார் சித்தி. அண்ணன் சிரித்த சிரிப்பில் பக்கத்து அறையிலிருந்து ஆட்கள் எட்டிப் பார்த்தார்கள்.

சட்டம் இயற்றுகிறவர்களின் குழு இன்னும் முடிவு சொல்லவில்லை. இரண்டு தடவை டீச்சரையும் நர்ஸையும் கூப்பிட்டுக் கேட்டிருக்கிறது. மூன்றாவது தடவை அடுத்த மாசம். கேள்வி கேட்டவர்களில் ஒரு அம்மா கடைசியில் எழுந்து வந்து நர்ஸின் கையைப் பிடித்துப் பேசிவிட்டுப் போனாராம். அதை நல்ல சகுனமாக வைத்துக்கொண்டிருக்கிறார்கள். வக்கீல் இப்போது எந்த மனுவை எழுதினாலும் முதல் படியைச் செவ்வாய்க்கிழமை சலூனுக்குக் கொண்டுவருகிறார். சித்தப்பாவுக்குச் சட்டம் தெரியாது. ஆனால் வரிக்கு வரி படிப்பார். எங்கேயாவது யாராவது விட்டுப்போயிருந்தால் பென்சிலால் ஒரு கோடு போடுவார். போன வாரம் போட்ட கோட்டுக்கு வக்கீல் அரைமணி நேரம் வாதாடிப் பார்த்தார். பிறகு, "சரி, சேர்த்துடறேன்," என்று சொல்லிவிட்டு, வந்ததுதான் வந்தோம் என்று நாற்காலியில் உட்கார்ந்து முடி வெட்டிக்கொண்டு போனார்.